அடிபட்டவர் இறந்தால் எல்லாமே 302-ஆ?

கல்லல் பக்கத்திலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கிறார். 2022-ல் கண்மாய் மடையில் தண்ணீர் திருப்புவதில் தகராறு. பக்கத்து வயல்காரர் கையிலிருந்த மண்வெட்டியால் அவருடைய சித்தப்பா தலையில் ஒரு அடி அடித்துவிட்டார். நாலாம் நாள் மதுரையில் ஆஸ்பத்திரியில் சித்தப்பா இறந்துபோனார். போலீஸ் கொலைக்கான 302-வது பிரிவைப் போட்டது. வழக்கு நடந்து முடிந்து, செஷன்ஸ் கோர்ட் இது கொலை அளவுக்குப் போகாத '304 இரண்டாம் பகுதி' என்று சொல்லி ஏழு வருடம் கொடுத்திருக்கிறது. "அடித்ததும் உண்மை, அந்த அடியால்தான் செத்தார் என்பதும் உண்மை என்று நீதிபதியே எழுதியிருக்கிறார். அப்புறம் எப்படி இது கொலை இல்லை?" என்பது தம்பியின் கேள்வி.

தேவகோட்டையிலும் சிவகங்கையிலும் முப்பது வருடத்துக்கு மேலாகக் கிரிமினல் வழக்கு நடத்துகிறவன் நான். இதே கேள்வியைக் கோர்ட் வராந்தாவில் பலமுறை கேட்டிருக்கிறேன். "அப்ப எங்க வீட்டு ஆளு தானாவா செத்தாரு?" என்று ஒரு அம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டது இன்னும் மறக்கவில்லை. அன்றைக்கு அவசரத்தில் நாலு வார்த்தைதான் சொல்ல முடிந்தது. அதனால் இங்கே கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன்.

நம் பேச்சில் 'கொலை' என்பது ஒரே சொல். சட்டத்தில் இரண்டு வட்டம். வெளிவட்டம் 'மரணம் விளைவிக்கும் குற்றம்'. வக்கீல்கள் கல்பபிள் ஹோமிசைட் என்பார்கள். அதற்குள்ளே இருப்பது 'கொலை'. நம்மூர் வீட்டை வைத்துச் சொன்னால் சுலபம். முகப்பைத் தாண்டி வளவுக்குள் (நடு முற்றத்துக்குள்) வருகிறவர்கள் எல்லாரும் உள்ளறைக்குள் போவதில்லை. ஆனால் உள்ளறையில் இருக்கிற எவரும் வளவைத் தாண்டித்தான் போயிருப்பார். அதுபோல எல்லாக் கொலையும் மரணம் விளைவிக்கும் குற்றம்தான். மரணம் விளைவிக்கும் குற்றம் எல்லாம் கொலை ஆகிவிடாது. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் வளவு 299, உள்ளறை 300. கொலைக்குத் தண்டனை 302, கொலை அளவுக்குப் போகாததற்கு 304. 2024 ஜூலை 1 முதல் வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் இவை முறையே 100, 101, 103, 105. எண் மாறியதே தவிர, கொலைக்கும் மற்றதற்கும் நடுவில் போட்ட கோடு மாறவில்லை. உங்கள் சித்தப்பா வழக்கு 2022 சம்பவம் என்பதால் பழைய சட்டமே பொருந்தும்.

கோர்ட் முதலில் பார்ப்பது, இவர் செய்த காரியத்தால்தான் அவர் இறந்தாரா என்பது. இதில் எதிர்த்தரப்பு அடிக்கடி எடுக்கிற வாதம் ஒன்று உண்டு: "நேரத்தோடு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோயிருந்தால் பிழைத்திருப்பார், சிகிச்சை சரியில்லை." சட்டமே இதற்கு விளக்கம் எழுதி வைத்திருக்கிறது. நல்ல வைத்தியம் பார்த்திருந்தால் சாவைத் தடுத்திருக்கலாம் என்பதற்காக, காயம் உண்டாக்கியவர் சாவுக்குக் காரணமில்லை என்று ஆகாது. உங்கள் வழக்கில் இந்தக் கட்டம் தாண்டியாகிவிட்டது. நீதிபதி எழுதியிருப்பதாக நீங்கள் சொல்வது இதைத்தான்.

அடுத்த கேள்வியில்தான் எல்லாம் இருக்கிறது. அடிக்கும்போது அடித்தவர் மனசில் என்ன இருந்தது? மனசைத் திறந்து பார்க்க முடியாது. அதனால் ஆயுதம், காயம், அடித்த இடம், அடித்த வேகம், அதற்கு முன் பேசிய பேச்சு, பின்னால் நடந்துகொண்ட விதம், பழைய பகை உண்டா இல்லையா, எல்லாவற்றையும் சேர்த்து வைத்து மனசைப் படிக்கிறார்கள். இதில் சட்டம் இரண்டு சொல்லைப் பிரித்து வைத்திருக்கிறது: எண்ணம், அறிவு. சாகடிக்க வேண்டும், அல்லது இந்தக் காயத்தை உண்டாக்க வேண்டும் என்று செய்வது எண்ணம். அப்படி நினைக்காவிட்டாலும், இப்படிச் செய்தால் ஆள் செத்துப்போகக் கூடும் என்று தெரிந்தே செய்வது அறிவு.

கொலைக்கு நாலு வாசல். கொல்ல வேண்டும் என்றே செய்வது முதல் வாசல். இரண்டாவது, இந்த ஆளுக்கு இந்த அடி பட்டால் செத்துவிடுவார் என்று தெரிந்தே, அந்த அடியைக் கொடுக்க நினைத்துக் கொடுப்பது. நெஞ்சில் ஆபரேஷன் ஆன அண்ணன் என்று தெரிந்து நெஞ்சிலேயே குத்துகிற தம்பி இதில் வருவார். விஷயம் தெரியாத வெளியாள் வரமாட்டார். நாலாவது, யாரையும் குறிவைக்காமல், அநேகமாகச் சாவு நிச்சயம் என்று தெரிந்தும் எந்த நியாயமும் இல்லாமல் செய்கிற பயங்கரக் காரியம். சட்டப் புத்தகம் கூட்டத்துக்குள் பீரங்கி சுடுவதை உதாரணம் காட்டும். பிள்ளையார்பட்டி சதுர்த்திக் கூட்டத்துக்குள் வேண்டுமென்றே லாரியை முழு வேகத்தில் விடுகிறவரை நினைத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது வாசலில்தான் நம் பக்கத்து வழக்குகளில் பெரும்பாலானவை வந்து நிற்கும். உண்டாக்க நினைத்த காயம், இயற்கையின் சாதாரணப் போக்கில் சாவு உண்டாக்கப் போதுமான காயமாக இருந்தால் அது கொலை. 299-லும் கிட்டத்தட்ட இதே பேச்சு வரும். அங்கே 'சாவு உண்டாக்கக்கூடிய காயம்' என்று இருக்கும். 'கூடிய'வுக்கும் 'போதுமான'வுக்கும் நடுவில்தான் ஒரு மனிதரின் ஆயுள் தொங்குகிறது. எளிமையாகச் சொன்னால், சாவு வந்தாலும் வரலாம் என்கிற காயம் முதலாவது. சாவு வராமல் போயிருந்தால்தான் ஆச்சரியம் என்கிற காயம் இரண்டாவது.

போஸ்ட்மார்ட்டம் செய்த டாக்டர் கூண்டில் ஏறி நிற்கும் நேரத்தை நீங்கள் பார்த்திருக்க வேண்டும். மேசை மேல் சீட்டுக் கட்டிய மண்வெட்டி, சான்றுப் பொருள் 1. அரசு வக்கீல் கேட்பார்: "இந்தக் காயம் இயற்கையின் சாதாரணப் போக்கில் மரணம் உண்டாக்கப் போதுமானதா?" டாக்டர் ஒரு நிமிடம் தாளைப் புரட்டுவார். மண்டையோட்டில் விரிசல் எத்தனை சென்டிமீட்டர், மூளைக்கு மேல் ரத்தக்கட்டு எவ்வளவு என்று பார்ப்பார். "போதுமானது" என்றால் கோர்ட் ஒரு பக்கம் சாயும். "உரிய சிகிச்சை கிடைக்காவிட்டால் மரணம் ஏற்படலாம்" என்றால் குறுக்கு விசாரணையில் எதிர்த்தரப்பு அந்த ஒரு வார்த்தையைப் பிடித்துக்கொள்ளும். இறந்தவர் வீட்டார் பல பேர் கொலைகாரன் முகத்தைப் பார்க்கத்தான் கோர்ட்டுக்கு வருவார்கள்; டாக்டர் சாட்சி சொல்லும் நாளில் டீ குடிக்கப் போய்விடுவார்கள். அந்த நாளில் கட்டாயம் இருங்கள் என்று நான் சொல்லாத கட்சிக்காரர் இல்லை.

இந்த மூன்றாவது வாசலுக்கு இன்றைக்கும் வழிகாட்டி, 1958-ல் உச்ச நீதிமன்றம் சொன்ன விர்சா சிங் தீர்ப்பு. பஞ்சாப் சம்பவம். வயிற்றில் ஈட்டியால் ஒரே குத்து; குடல் வெளியே வந்துவிட்டது; குத்துப்பட்டவர் மறுநாள் இறந்தார். கொல்ல நினைக்கவில்லை, ஒரு குத்துத்தான் என்று வாதம். நீதிபதி விவியன் போஸ் அந்தச் சிக்கலைப் பிரித்து வைத்தார். காயம் இருக்கிறதா, எப்படிப்பட்ட காயம், அந்தக் காயத்தையே உண்டாக்க நினைத்தாரா, அல்லது தவறிப்போய் வேறு எங்காவது பட்டுவிட்டதா என்று முதலில் பார்க்க வேண்டும். நினைத்து உண்டாக்கிய காயம் என்று தெரிந்தால், அது சாவுக்குப் போதுமானதா என்பது டாக்டரை வைத்துத் தீர்மானிக்கிற விஷயம். சாவுக்குப் போதுமானது என்று குத்தியவருக்குத் தெரிந்திருக்க வேண்டிய அவசியம் இல்லை. விர்சா சிங்குக்குக் கொலைத் தண்டனை உறுதியானது.

அதனால் 'ஒரே வெட்டுத்தான், 302 நிக்காது' என்று டீக்கடையில் சொல்வதை நம்பாதீர்கள். அதைவிட மோசமான இன்னொரு நம்பிக்கை, 'கையில காலில போட்டா கொலைக் கேஸ் ஆகாது' என்பது. இதை நம்பி இளவட்டங்கள் ஆளைக் காலில் வெட்டிவிட்டு ஆயுள் தண்டனை வாங்கியதை என் கண்ணால் பார்த்திருக்கிறேன். 1976-ல் ஆந்திராவிலிருந்து வந்த புன்னய்யா வழக்கு இதைத் தெளிவாகவே சொல்கிறது. ஒரு பெரியவரைக் கனமான கழிகளால் கையிலும் காலிலும் அடித்தே எலும்பையெல்லாம் நொறுக்கினார்கள். தலையில் ஒரு அடி கிடையாது. மறுநாள் காலை இறந்துபோனார். உயர் நீதிமன்றம் 304 இரண்டாம் பகுதி என்று குறைத்ததை உச்ச நீதிமன்றம் மாற்றி, கொலை என்றே தீர்த்தது. அத்தனை காயமும் சேர்ந்து சாவுக்குப் போதுமானவை; அத்தனையும் நினைத்துச் செய்தவை.

மறுபக்கம் 1876-ல் பம்பாயில் தீர்ந்த கோவிந்தா வழக்கு. பதினெட்டு வயதுக் கணவன், பதினைந்து வயது மனைவியைக் கீழே தள்ளி, நெஞ்சில் முழங்காலை வைத்து, முகத்தில் முஷ்டியால் இரண்டு மூன்று குத்து விட்டான். மூளையில் ரத்தம் கசிந்து அந்தப் பெண் இறந்துபோனாள். கொல்லும் எண்ணம் இல்லை, வெறும் கையால் குத்துவது சாதாரணமாகச் சாவுக்குப் போதுமானதும் அல்ல என்று நீதிபதி மெல்வில் அதைக் கொலையிலிருந்து இறக்கினார். ஏழு வருட நாடுகடத்தல்தான் தண்டனை. அந்தச் சிறுமியை நினைத்தால் எனக்கு இன்றும் மனசு ஆறாது. ஆனால் சட்டம் இழுத்த கோடு எங்கே இருக்கிறது என்று புரிய இந்த வழக்கைப் படித்தே ஆக வேண்டும்.

சரி, நாலு வாசலில் ஒன்று வழியாக உள்ளே போய்விட்டாலும், வெளியே வர ஐந்து விதிவிலக்குகள் இருக்கின்றன. தற்காப்பில் எல்லை மீறியது, அரசு ஊழியர் கடமையில் எல்லை மீறியது, பதினெட்டு வயது தாண்டியவர் தாமே சாகச் சம்மதித்தது, இந்த மூன்றும் நம் பக்கம் குறைவாகத்தான் வரும். அன்றாடம் வருபவை இரண்டு: திடீர்ச் சண்டை, திடீரென்று வந்த பெரிய ஆத்திரம்.

திடீர்ச் சண்டைக்கு உங்கள் மடைத் தகராறே உதாரணம். முன்கூட்டித் திட்டம் இல்லை, வாய்ச்சண்டை முற்றிக் கைகலப்பு ஆகிறது, அந்தச் சூட்டில் அடி விழுகிறது. யார் முதலில் கை வைத்தார் என்பதுகூட இங்கே முக்கியம் இல்லை என்று சட்டமே சொல்கிறது. ஆனால் அடித்தவர் நியாயமற்ற அனுகூலம் எடுத்திருக்கக் கூடாது. கொடூரமாக நடந்திருக்கக் கூடாது. கீழே விழுந்து கிடக்கிறவரை மறுபடி மறுபடி வெட்டினால் இந்த விதிவிலக்கு போயிற்று.

மண்வெட்டிக்கும் வீச்சரிவாளுக்கும் உள்ள வித்தியாசம் இங்கேதான் வருகிறது. வயலில் தண்ணீர் திருப்புகிறவர் கையில் மண்வெட்டி இருப்பது இயல்பு. அது சண்டைக்கென்று கொண்டுவந்தது அல்ல. அதே ஆள் "இரு வர்றேன்" என்று சொல்லிவிட்டு வரப்பில் நடந்து வீட்டுக்குப் போய், பரணிலிருந்து அரிவாளை எடுத்துக்கொண்டு திரும்பி வந்து வெட்டியிருந்தால், போய்வந்த அந்தப் பத்து நிமிடமே முன்கூட்டிய எண்ணத்துக்குச் சாட்சி. மண்வெட்டியிலும் இரும்பு இலை பட்டதா, மரக்காம்பு பட்டதா, ஓங்கி இறக்கினாரா, பக்கவாட்டில் வீசினாரா என்றெல்லாம் பார்ப்பார்கள். உங்கள் தீர்ப்பிலும் இதைப் பற்றி ஒரு பத்தியாவது இருக்கும். தேடிப் படியுங்கள்.

ஆத்திரத்துக்கும் இதே கணக்குத்தான். மனசு கொதிக்கும் அந்த நேரத்துக்குள் நடந்திருக்க வேண்டும். 1959-ல் பம்பாயில் கடற்படை அதிகாரி நானாவதி, மனைவி தனக்கு இன்னொருவரோடு இருந்த உறவை ஒப்புக்கொண்டதைக் கேட்டபின், குடும்பத்தைச் சினிமாவில் இறக்கிவிட்டு, கப்பலுக்குப் போய் ரிவால்வர் வாங்கிக்கொண்டு, அப்புறம் போய் அந்த ஆளைச் சுட்டார். மத்தியானம் ஒன்றரைக்கு வீட்டை விட்டுப் போனவர் சுட்டது நாலே கால் மணிக்கு மேல். நிதானத்துக்கு வர அது போதும் என்று சொல்லி 1961-ல் உச்ச நீதிமன்றம் ஆயுள் தண்டனையை உறுதிசெய்தது.

ஆனால் எல்லா மனசும் ஒரே நாளில் கொதித்து அடங்கிவிடுமா? வருடக்கணக்கில் அடியும் வசவும் பட்டு, ஒருநாள் ஒரு சின்ன வார்த்தையில் உடைந்துபோகிறவர்களை என்ன செய்வது? இதில் சென்னை உயர் நீதிமன்றம் செய்த காரியத்தை நினைத்தால் எனக்குப் பெருமையாக இருக்கும். பிள்ளைகளோடு கிணற்றில் குதித்து, பிள்ளைகள் இறந்து தான் மட்டும் உயிரோடு மீண்ட ஒரு தாயின் வழக்கில், 1989-ல் 'நீடித்த ஆத்திரமூட்டல்' என்ற கருத்தை விரிவாகப் பேசியது. சட்டத்தில் எழுதியிருப்பது திடீர் ஆத்திரம்; இது பல நாள் சேர்ந்து கடைசியில் ஒரு சிறு காரணத்தால் வெடிப்பது; இதையும் கொலையிலிருந்து இறக்கும் காரணமாகக் கொள்ளலாம் என்ற வழி அங்கே துலங்கியது. இப்படிப்பட்ட தாய்மாரைப் பற்றிப் பேசும்போது உயர் நீதிமன்றத் தீர்ப்புகளில் நல்லதங்காள் பெயரே வருகிறது. பஞ்சத்தில் பிறந்த வீட்டுக்குப் போய், அண்ணி கதவடைக்க, ஏழு பிள்ளைகளையும் கிணற்றில் போட்டுத் தானும் விழுந்த நல்லதங்காள்தான். நம் வீட்டுக் கிழவிகள் அழுதுகொண்டே சொன்ன கதை, தண்டனைச் சட்டத்தை விளக்க உதவியிருக்கிறது. அதற்காக இப்படி வரும் எல்லா வழக்குக்கும் தானாக இந்தச் சலுகை கிடைக்கும் என்று நினைக்க வேண்டாம். அந்தத் தாய் பட்ட பாட்டைச் சாட்சியம் வைத்து நிரூபிக்க வேண்டும்.

குடிபோதையைப் பற்றியும் ஒரு வார்த்தை. 'குடிச்சிருந்தான், தெரியாமப் பண்ணிட்டான்' என்று சொல்லித் தப்ப முடியாது. 1956-ல் தீர்ந்த பாஸ்தேவ் வழக்கில், ஒரு கல்யாண வீட்டில் குடித்திருந்த ஓய்வுபெற்ற ராணுவ ஜமேதார், உட்காரும் இடத்தை விட்டு நகரவில்லை என்று பதினைந்து பதினாறு வயதுப் பையனை வயிற்றில் சுட்டுக் கொன்றுவிட்டார். தானாகக் குடித்தவருக்கு, குடிக்காதவருக்கு உள்ள அறிவு உண்டு என்றே சட்டம் எடுத்துக்கொள்ளும் என்று சொல்லி, கொலைத் தண்டனையை உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது.

தண்டனையில் இந்தப் பிரிவினை எவ்வளவு பெரிய வித்தியாசம் செய்கிறது என்று பாருங்கள். 302 என்றால் மரண தண்டனை அல்லது ஆயுள். அதற்குக் கீழே கொடுக்க நீதிபதிக்கே அதிகாரம் இல்லை. கொலைக்காக ஆயுள் பெற்றவரைப் பதினாலு வருடம் முடியாமல் சாதாரணத் தண்டனைக் குறைப்பில் விடவும் முடியாது. 304 முதல் பகுதி, எண்ணம் இருந்தது ஆனால் கொலை அளவுக்கு இல்லை, அல்லது விதிவிலக்கில் வந்துவிட்டது என்பவர்களுக்கு: ஆயுள், அல்லது பத்து வருடம் வரை. இரண்டாம் பகுதி, எண்ணமே இல்லை, அறிவு மட்டும் இருந்தது என்பவர்களுக்கு: பத்து வருடம் வரை, அல்லது அபராதம், அல்லது இரண்டும். புதிய சட்டத்தில் முதல் பகுதிக்கு ஐந்து வருடத்துக்குக் குறையக் கூடாது என்று ஒரு கீழ் எல்லை சேர்ந்திருக்கிறது. இரண்டாம் பகுதியில் வெறும் அபராதத்தோடு விடுகிற வழி போய்விட்டது.

ஆக, உங்கள் வழக்கில் நீதிபதி சொன்னது, 'சித்தப்பா தானாகச் செத்தார்' என்பது அல்ல. அடித்தவருக்குச் சாகடிக்கும் எண்ணமோ அத்தகைய காயம் உண்டாக்கும் எண்ணமோ நிரூபிக்கப்படவில்லை, தலையில் மண்வெட்டியால் அடித்தால் சாவு வரக்கூடும் என்ற அறிவு மட்டும் இருந்தது என்கிறார். என்னைக் கேட்டால், தலையில் இரும்பு இலை நேராக இறங்கியிருந்தால் முதல் பகுதிக்காவது போயிருக்க வேண்டும் என்று வாதாட இடம் உண்டு. காம்பு பட்டிருந்தால் இந்தத் தீர்ப்பு நிற்கும்.

ஒரு விஷயம் வருத்தத்தோடு சொல்கிறேன். இப்படிப்பட்ட வழக்குகள் பலவும் முதல் நாள் கொடுக்கிற புகாரிலேயே பலவீனமாகிவிடுகின்றன. ஆத்திரத்தில் வீட்டார் புகாரில் ஆளைக் கூட்டி எழுதிவிடுவார்கள். ஒரு அடி நாலு அடி ஆகும். பேசாத பேச்சு, "உன்னைக் கொல்லாம விடமாட்டேன்" என்று சேர்ந்துவிடும். ஸ்டேஷன் வாசலில் நிற்கிற யாராவது அப்படி எழுதச் சொல்லியும் கொடுப்பார்கள். டாக்டர் அறிக்கையில் ஒரே காயம் இருக்கும். அப்புறம் உண்மையாகப் பார்த்த சாட்சியையும் கோர்ட் சந்தேகத்தோடுதான் பார்க்கும். நடந்ததை நடந்தபடி, அடித்தவர் என்ன சொன்னார், எங்கிருந்து ஆயுதம் வந்தது, அடித்தபின் தூக்கிவிட்டாரா ஓடிப்போனாரா என்று எழுதிக் கொடுத்தாலே போதும்.

இப்போது நீங்கள் செய்ய வேண்டியது. தீர்ப்பின் சான்றிட்ட நகல் வாங்குங்கள். போஸ்ட்மார்ட்டம் அறிக்கையையும் டாக்டர் சாட்சியத்தையும் அதோடு வைத்துப் படியுங்கள். 'போதுமானது' என்று டாக்டர் சொல்லியிருக்கிறாரா என்று பாருங்கள். சொல்லியிருந்தும் நீதிபதி அதைக் கணக்கில் எடுக்கவில்லை என்றால் மேல்முறையீட்டுக்கு அதுவே அடிப்படை. குறைந்த குற்றத்துக்கு மட்டும் தண்டித்ததை எதிர்த்துப் பாதிக்கப்பட்டவர் தரப்பே மேல்முறையீடு செய்யும் உரிமை 2009-லிருந்து இருக்கிறது. உங்களுக்கு அது உயர் நீதிமன்ற மதுரைக் கிளையில். 'வருடம் போதாது' என்று மட்டும் சொல்லிப் போட முடியாது. 'குற்றமே கொலை' என்று போட வேண்டும். சட்டப்படி வாரிசான உங்கள் சித்தி பெயரிலோ அவர் பிள்ளைகள் பெயரிலோ போடுவது நல்லது. வக்கீல் வைக்க வசதி இல்லையென்றால் சிவகங்கை மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குச் சித்தியை அழைத்துப் போங்கள். இழப்பீட்டுக்கான மனுவையும் அங்கேயே கொடுக்கலாம். நாள் கடத்த வேண்டாம், இந்த வாரமே நகலுக்கு மனு போட்டுவிடுங்கள்.